வி. இலக்கு

இலக்கு நிர்ணய இயக்ககத்தின் எட்டு மாடிக் கட்டடத்தில், தனக்கென்று ஓர் இலக்கு இல்லாமலேயே ஒழுங்காக வேலை செய்துகொண்டிருந்தது லிஃப்ட் ஒன்றுதான். யார் எந்த மாடியைச் சொன்னாலும் அங்கே போகும். போய்ச் சேர்ந்த பிறகு அதைப் பற்றிக் கூட்டம் போட்டுப் பேசாது.

இயக்ககம் எப்படி வேலை செய்கிறது என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும். ஒவ்வொரு மனிதருக்கும் ஓர் இலக்கு இருக்க வேண்டும், அது தெளிவாகவும் குறிப்பாகவும் இருக்க வேண்டும் என்பது சட்டம். இலக்குச் சான்றிதழ் இல்லாதவருக்கு யாரும் வீடு வாடகைக்குத் தர முடியாது; தண்ணீர்க் குழாய் இணைப்பும் கிடைக்காது. ஆகவே மக்கள் விண்ணப்பத்தோடு வருவார்கள். விண்ணப்பம் முதலில் மூன்றாம் மாடியில் உள்ள தெளிவுப் பிரிவுக்குப் போகும். தெளிவில்லாத சொற்களை அடித்துவிடுவது அங்கே வேலை. பிறகு நான்காம் மாடிக்கு, குறிப்புப் பிரிவுக்குப் போகும். இல்லாத விவரங்களைச் சேர்ப்பது அங்கே வேலை. ஒருமுறை சலவைக்கடைக்காரர் ஒருவர், 'நான் நன்றாக இருக்க வேண்டும்' என்று எழுதிக் கொடுத்தார். 'நன்றாக' என்பது தெளிவாக இல்லை என்று தெளிவுப் பிரிவு அடித்தது. 'எங்கே?' என்று கேட்ட குறிப்புப் பிரிவு, முகவரியைச் சேர்த்தது. 'நான் இன்ன தெருவில், இன்ன வீட்டில் இருக்க வேண்டும்' என்று சான்றிதழ் வந்தது. அவரும் அதன்படி இருந்து வருகிறார். ஆண்டறிக்கையில், இலக்கை எட்டியவர்களின் பட்டியலில் அவரும் உண்டு.

இவர்களையெல்லாம் மேலே கொண்டுபோய்க் கீழே கொண்டுவந்து விட்டவர் லிஃப்ட்காரர். லிஃப்டின் மூலையில் ஒரு முக்காலியில் உட்கார்ந்திருப்பார். அவருக்கு வலது முழங்காலில் கோளாறு. முழங்கால் என்பது கதவுக் கீல் மாதிரி ஓர் அமைப்பு. இரண்டு எலும்புகளும் உரசாமலிருக்க நடுவே வழுவழுப்பான மெத்தை ஒன்று உண்டு. அவருடைய மெத்தை தேய்ந்துவிட்டது. உட்கார்ந்து செய்யும் வேலை என்பதால் அவர் பாடு ஓடிக்கொண்டிருந்தது. வாரத்தில் ஒரு நாள்தான் கஷ்டம்.

லிஃப்டை இழுக்கும் மோட்டார், மொட்டைமாடிக்கும் மேலே ஒரு சிறிய அறையில் இருந்தது. லிஃப்ட் எட்டாம் மாடியோடு நின்றுவிடும். அதற்கு மேல் செங்குத்தான படிகளில் ஏறிப் போய் பிரேக்கைப் பார்த்து, எண்ணெய் விட்டு வர வேண்டும். லிஃப்ட் பிரேக் அழகான ஏற்பாடு. மின்சாரம் வந்தால் அது பிடிக்கும் என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். உண்மையில் மின்சாரம் வந்தால் அது விடும். மின்சாரம் போனால் ஸ்பிரிங் தானாகவே அழுத்திப் பிடித்துக்கொள்ளும். ஆபத்து வரும்போது எது நடக்க வேண்டுமோ, அதை யாரும் எதுவும் செய்யாமலே நடக்கும்படி வைத்திருக்கிறார்கள். யாரோ யோசித்துச் செய்த வேலை. இந்தக் கதையில் யோசித்துச் செய்த வேலை இதோடு முடிந்தது.

"இன்னொரு தடவை இந்த முட்டி வீங்கிச்சுன்னா, அப்புறம் மடங்காது," என்று மருத்துவர் சொல்லிவிட்டார். "படி ஏறுற பேச்சே வேண்டாம். முட்டி மடங்கலேன்னா உங்களால முக்காலியிலகூட உட்கார முடியாது, பாத்துக்கங்க."

லிஃப்ட்காரர் பயந்துபோய், தனக்குப் பதிலாக வேறு ஆளை மோட்டார் அறைக்கு அனுப்பும்படி ஒரு மனு எழுதினார். அலுவலக வழக்கப்படி தலைப்பு இப்படி இருந்தது: 'பொருள்: மாடிப்படி ஏறுதல் – விலக்கு – கோருதல்.' கீழே, 'எனக்கு வலது முழங்காலில் வலி இருப்பதால் மாடிப்படி ஏற முடியாது. மருத்துவர் ஓய்வு தேவை என்கிறார்' என்று எழுதி, எல்லோரும் டைப்பிஸ்ட் அக்கா என்று அழைக்கும் அம்மாளிடம் கொடுத்தார். அவர் அதைக் கணினியில் ஏற்றினார்.

அந்தக் கணினியைப் பற்றியும் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். மனச்சோர்வு உண்டாக்கும் சொற்கள் ஊழியர்களின் ஊக்கத்தைக் கெடுக்கின்றன என்று இயக்குநர் ஒரு சுற்றறிக்கை விட்டிருந்தார். அதன்படி அப்படிப்பட்ட சொற்கள் எல்லாம் கணினியின் அகராதியிலிருந்து எடுக்கப்பட்டன. எடுத்த சொல் எதையாவது யாராவது தட்டினால், அதற்குப் பக்கத்தில் உள்ள நல்ல சொல்லை இயந்திரமே போட்டுக்கொள்ளும். இயந்திரம் தவறு செய்வதில்லை; சொன்னதைச் செய்யும். மேல் மாடிக்குப் போன மனு இப்படி இருந்தது:

'பொருள்: மாடிப்படி ஏறுதல் – இலக்கு – கோருதல். எனக்கு வலது முழங்காலில் வலிமை இருப்பதால் மாடிப்படி ஏற முடியும். மருத்துவர் ஆய்வு தேவை என்கிறார்.'

இலக்கு அலுவலர் அவரைக் கூப்பிட்டு அனுப்பினார்.

"வாங்க வாங்க, லிஃப்ட்காரரே! உட்காராதீங்க, அப்படியே நில்லுங்க. ஒரு தடவை நல்லாப் பாத்துக்கறேன்." அலுவலர் மேசையைச் சுற்றி வந்து அவருடைய முழங்காலைக் குனிந்து பார்த்தார். "இதுதானா அது?"

"ஆமாங்கய்யா. இதுதான் படுத்துது."

"படுத்தட்டும், படுத்தட்டும். சாதிக்கற கால்னா அப்படித்தான். நான் இந்த நாற்காலிக்கு வந்து எத்தனையோ வருஷம் ஆச்சு. நாங்க குடுத்த இலக்கை வாங்கிட்டுப் போனவங்கதான் எல்லாரும். தானா வந்து கேட்ட முதல் ஆள் நீங்கதான்."

லிஃப்ட்காரருக்கு ஏதோ இடறியது. "ஐயா, நான் கேட்டது விலக்கு."

"ஆமா. இலக்கு."

"இல்லீங்க. விலக்கு. வி... லக்கு."

அலுவலர் பேனாவைக் கீழே வைத்தார். அவருடைய முகம் மெல்ல மலர்ந்தது. "வி... இலக்கா?"

"அதேதாங்க!" என்றார் லிஃப்ட்காரர், உயிர் வந்தவராக.

"வி. இலக்கு! விருப்ப இலக்கு!" அலுவலர் அலமாரியைத் திறந்து விதித் தொகுப்பை எடுத்துத் தூசி தட்டினார். "இங்க பாருங்க, தனிப் பிரிவே இருக்கு. நாங்களா குடுத்தா அது வெறும் இலக்கு. ஒருத்தர் விரும்பிக் கேட்டா அது வி. இலக்கு. இந்தப் பக்கத்தை இன்னிக்கு வரைக்கும் யாரும் திறந்ததே இல்ல. நான் என்னடான்னா உங்களைச் சாதாரண ஆளுன்னு நினைச்சுட்டேன்."

"ஐயோ, அது இல்லீங்க. எனக்குக் கால்ல வலிங்க."

"வலிமை. எழுதியிருக்கீங்களே."

"என்னால ஏற முடியாதுங்க."

"முடியும்னு நீங்களேதான் எழுதியிருக்கீங்க. மருத்துவர்கூட ஆய்வு தேவைங்கறார். ஒரு சின்ன மாடிப்படிக்கு ஆய்வு கேட்கற மருத்துவர்! இவங்களாலதாங்க நாடு நிமிர்ந்து நிக்குது."

"எனக்கு இது வேண்டாம்னு சொன்னா என்ன ஆகும்ங்க?"

அலுவலர் பொறுமையாக விளக்கினார். அவர் கெட்டவர் அல்ல. விளக்கம் கேட்டால் மறுக்காதவர். "விருப்பப்பட்டுக் கேட்டுட்டுப் பின்வாங்கினா, நோக்கமற்றவர்னு பதிவாகும். நோக்கமற்றவருக்குச் சம்பளம் போட முடியாது. லிஃப்ட்ல பட்டன் இருக்கே, ஆள் எதுக்குன்னு நிதிப் பிரிவு ரொம்ப நாளா என்னைக் குடைஞ்சிட்டிருக்கு. நான் உங்களுக்காகத்தான் சொல்றேன். கேட்டது கேட்டாச்சு, ஏறிடுங்க."

வீட்டில் லிஃப்ட்காரரின் மனைவி தையல் இயந்திரத்தில் உட்கார்ந்திருந்தார். தலை நிமிராமலே கேட்டார். "என்னங்க, விலக்கு குடுத்தாங்களா?"

"குடுத்தாங்க. 'வி'யைத் தனியாக் கழட்டிக் குடுத்தாங்க."

நடந்ததை அவர் சொல்லி முடிக்கும்வரை மிதிகட்டையில் மனைவியின் கால் அசையவில்லை. பிறகு, "அவங்க எழுதப் படிக்கத் தெரிஞ்சவங்கதானே?" என்று கேட்டார்.

"ரொம்பப் படிச்சவங்க."

"அதான பாத்தேன். நீங்க நேராப் போய் டைப்பிஸ்ட் அக்காவைக் கேளுங்க."

மறுநாள் டைப்பிஸ்ட் அக்கா அழுதுவிடுவார் போலிருந்தது. "சத்தியமா நான் விலக்குன்னுதாங்க அடிச்சேன். அது இப்படித்தான் துப்புது. போன வருஷம் எங்க மாமனார் சாவுக்கு லீவு கேட்டேன். 'மாமனார் சாதனையை முன்னிட்டு'ன்னு போச்சு. வாழ்த்து அனுப்பினாங்க."

மனு தெளிவுப் பிரிவுக்கு வந்தது. அதன் தலைவி கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு லிஃப்ட்காரரை எதிரே நிற்க வைத்தார்.

"மாடிப்படின்னு போட்டிருக்கீங்க. மாடியா, படியா?"

"ரெண்டும் சேர்ந்ததுதாங்க மாடிப்படி."

"ஒருத்தருக்கு ஒரு இலக்குதான்யா. ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க."

'மாடி' அடிக்கப்பட்டது. மீதி இருந்த 'படி' என்பது ஏறுகிற படியா, பாடம் படிப்பதா என்று ஒரு சந்தேகம் வந்து, கோப்பு இரண்டு மேசைகளுக்கு நடுவே சிலநாள் படுத்திருந்தது. கடைசியில், 'ஏறுதல்' என்று இருப்பதால் இது படிப்பு அல்ல, படிப்பு யாருக்கும் ஏறுவதாகத் தகவல் இல்லை என்று முடிவு செய்தார்கள்.

குறிப்புப் பிரிவில் விவரம் கேட்டார்கள். "எந்தக் காலை முதல்ல வைப்பீங்க?"

"நல்ல காலைத்தாங்க."

"இயக்ககம் கால்களுக்கு நடுவுல பாகுபாடு பாக்கறதில்ல. வலதா, இடதா?"

"இடது."

"மனுவில வலது முழங்கால்னு இருக்கே. வலிமை உள்ளதை விட்டுட்டு இல்லாததை முன்னாடி வைப்பாங்களா?" வலது என்று எழுதிக்கொண்டார்கள். "எட்டு மாடியும் ஏறி உச்சிக்குப் போனதும் என்ன செய்வீங்க?"

"இறங்கிடுவேன்."

அறையில் எல்லோரும் நிமிர்ந்து பார்த்தார்கள். ஒருவர் எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

"இனிமே இப்படி வெளியில பேசாதீங்க," என்றார் பிரிவின் மூத்தவர், தணிந்த குரலில். "ஏறுதல் இலக்குன்னா இறங்குதல் எதிர் இலக்கு. எட்டினதுக்கு அப்புறம் இறங்கினா, எட்டினதுல இருந்து கழிச்சுடுவாங்க. நீங்க ஏறினதே இல்லைன்னு ஆயிடும்."

"அப்ப மேலேயே இருக்கணுமா?"

"எங்க பிரிவுக்கு எட்டறது வரைக்கும்தான் பொறுப்பு."

இலக்கு முடிவானதும் அதற்கு உகந்த சூழலை உண்டாக்குவது அடுத்த கட்டம். குடிப்பழக்கத்தை விட நினைப்பவரின் வீட்டிலிருந்து பாட்டிலை அகற்றுவது போன்ற ஏற்பாடு இது. படி ஏற விரும்புகிறவருக்கு எதிரே இருக்கும் பெரிய சபலம் எது? லிஃப்ட். அதை நிறுத்தினார்கள். கதவின் மேல் 'சபலம்' என்று ஒரு பலகை மாட்டினார்கள். முக்காலியைப் பண்டகசாலைக்கு அனுப்பினார்கள்.

முதல் நாள் எல்லோரும் படியேறினார்கள். இரண்டாம் நாள் சிலர் ஏறினார்கள். மூன்றாம் நாள் இயக்குநர் தம்முடைய அறையை எட்டாம் மாடியிலிருந்து தரைத்தளத்துக்கு மாற்றிக்கொண்டார். தலைமை என்பது மக்களை நோக்கி இறங்கி வருவது என்று அதற்கு ஒரு சுற்றறிக்கையும் வந்தது. இறங்குதல் எதிர் இலக்கு ஆயிற்றே என்று யாரும் கேட்கவில்லை. சுற்றறிக்கையில் 'தரையை எட்டுதல்' என்று போட்டிருந்தது. தலைமை இறங்கினால் கோப்புகள் இறங்கும். கோப்புகள் இறங்கினால் மேசைகள் இறங்கும். வாரம் முடிவதற்குள் எட்டு மாடி அலுவலகமும் தரைத்தளத்தில் அடைந்துகொண்டது. தெளிவுப் பிரிவு தண்ணீர்க் குழாய்க்குப் பக்கத்திலும், குறிப்புப் பிரிவு படிக்கட்டுக்கு அடியில் தலை நிமிர முடியாத முக்கோண இடத்திலும் உட்கார்ந்தன. பொதுமக்களுக்கு இடம் இல்லாததால் அவர்கள் தெருவில் நின்றார்கள். மேலே, யாரோ அணைக்க மறந்த மின்விசிறிகள் காலி அறைகளில் சுற்றிக்கொண்டிருந்தன.

ஏறிப் போவதற்கு அங்கே இப்போது எதுவும் இல்லை. ஏற வேண்டியவர் மட்டும் ஒருவர் இருந்தார்.

பயிற்சி என்று சொல்லி அவரை முதல் சில படிகளில் ஏற்றி இறக்கினார்கள். அது பயிற்சி என்பதால் இறங்குவதற்கு அனுமதி உண்டு. சாயங்காலம் முழங்காலைச் சுற்றி மினுமினுவென்று வீங்கத் தொடங்கியது. அலுவலரிடம் காட்டினார்.

"வலிக்குதா? ரொம்ப நல்லது. வலி வருதுன்னா இலக்கு பக்கத்துல வந்திருச்சுன்னு அர்த்தம்."

"மருத்துவர், இன்னொரு தடவை வீங்கினா காலே மடங்காதுன்னாருங்க."

"மடங்காத உறுதி!" என்று அலுவலர் குறித்துக்கொண்டார். விழா மேடையில் சொல்ல அவருக்கு ஒரு வரி கிடைத்தது.

அன்று வீட்டில் மனைவி துணியை வெந்நீரில் நனைத்துப் பிழிந்து முழங்காலில் வைத்தார். லிஃப்ட்காரர் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார்.

"ஏறினா கால் போயிடும். ஏறலேன்னா வேலை போயிடும்," என்றார். "உன் தையலை நம்பி ரெண்டு பேரும் உட்கார வேண்டியதுதான்."

"உட்காரவாவது கால் மடங்கணுமே," என்று மனைவி துணியை மாற்றினார். பிறகு கேட்டார். "ஆமா, நீங்க உச்சிக்குப் போயிட்டீங்கன்னு யாரு பாத்து எழுதுவாங்க?"

"சாட்சி அலுவலர்னு ஒருத்தர் இருக்கார். ஆனா அவர் மேல வரலியாம். சாதனையைக் கீழேயிருந்து அண்ணாந்து பாக்கறதுதான் மரியாதைன்னு சொல்லிட்டார்."

"வேற யாரும்?"

"எவனும் வரமாட்டான். நான் உச்சியில இருந்து குரல் குடுக்கணும். அதைக் கேட்டு எழுதிக்குவாங்க."

மனைவி துணியை வாளியில் போட்டார். "கீழ நின்னு பாத்தா படி எதுவரைக்கும் தெரியும்?"

"முதல் திருப்பம் வரைக்கும். அதுக்கப்புறம் சுவர்."

"அப்ப திருப்பம் வரைக்கும்தான் அவங்க ஆபீசு. அதுக்கு மேல நம்ம இஷ்டம். ஒரு துண்டை எடுத்துட்டுப் போங்க. வாயை மூடிக்கிட்டுக் கத்தினா தூரத்துல இருந்து வர்ற மாதிரி இருக்கும்."

விழா நாளில் தரைத்தளத்தில் நிற்க இடமில்லை. மேசைகளின் மேல் ஏறி ஊழியர்கள் நின்றார்கள். படியின் முன்னால் நாடா கட்டியிருந்தது. இயக்குநர் ஒலிபெருக்கியைப் பிடித்தார்.

"நண்பர்களே! என் இளமையில் நானும் ஓர் இலக்கை நிர்ணயித்தேன். மற்றவர்களுக்கு இலக்கு நிர்ணயிப்பதே அந்த இலக்கு. அதிலிருந்து இன்றுவரை நான் ஓர் அங்குலம்கூட நகரவில்லை. (கைதட்டல்.) இதோ நிற்கும் இந்த எளிய மனிதர் ஏறப் போகிறார். அங்கே என்ன இருக்கிறது என்று சிலர் கேட்கலாம். ஒன்றுமே இல்லை! இருந்ததையெல்லாம் நாம் கீழே கொண்டு வந்துவிட்டோம். ஒன்றுமே இல்லாத இடத்துக்கு ஒரு மனிதனை ஏற வைக்க முடியும் என்றால், அதற்குப் பெயர்தான் நிர்வாகம்! (பலத்த கைதட்டல்.) அவருடைய கால் மடங்காது என்று மருத்துவ உலகமே சொல்கிறது. மடங்காத கால்களே நமக்குத் தேவை. மடங்குகிற கால்கள் உட்கார்ந்துவிடுகின்றன!"

இதை அவர் நாற்காலியில் உட்கார்ந்தபடி சொன்னார்.

நாடா வெட்டப்பட்டது. லிஃப்ட்காரர் தோளில் துண்டோடு, குறிப்பில் உள்ளபடி வலது காலை முன்னால் வைத்தார். முழங்காலுக்குள் ஊசி இறங்கியது. கைப்பிடியைப் பற்றி ஒவ்வொரு படியாக ஏறினார். கீழே, அவரோடு ஒருநாளும் பேசாதவர்கள், லிஃப்டில் அவர் முகத்துக்கு எதிரே நின்றுகொண்டு அவரைத் தாண்டிக் கூரையைப் பார்த்தவர்கள், எல்லோரும் கைதட்டினார்கள். திருப்பத்தில் ஒரு கணம் நின்று திரும்பிப் பார்த்தார். ஆரவாரம் கூடியது. ஏறித்தான் பார்த்தால் என்ன என்று ஒரு நினைப்பு அவருக்கு வந்ததையும் சொல்லியாக வேண்டும். கைதட்டல் முட்டிக்குத் தெரியாது, தலைக்குத்தான் தெரியும். நல்லவேளையாக அடுத்த அடியைத் தலையால் வைக்க முடியாது. முட்டி ஒரே வெட்டாக வெட்டியது. அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு, திருப்பத்துக்கு அப்பால் மிச்சமிருந்த படிகளைக் கடந்து முதல் மாடிக்கு வந்து, யாரோ விட்டுப்போன சுழல் நாற்காலியில் சாய்ந்து காலை நீட்டிக்கொண்டார்.

கீழே இயக்குநர் இரண்டாவது உரையைத் தொடங்கியிருந்தார். அந்த உரையின் நீளத்துக்கு எட்டு மாடி என்ன, எந்த மலையையும் ஏறிவிடலாம். ஒரு வழியாக அது ஓய்ந்தபோது லிஃப்ட்காரர் துண்டை வாயில் வைத்துக்கொண்டு கத்தினார்.

"ஏறிட்டேங்கோ!"

சாட்சி அலுவலர் காதில் கையை வைத்தார்.

"குரல் பக்கத்துல கேட்கற மாதிரி இருக்கே?" என்றார் யாரோ.

"உச்சியை அடைந்தவர்களின் குரல் எப்போதும் நெஞ்சுக்கு அருகில்தான் கேட்கும்," என்றார் இயக்குநர். சாட்சி அலுவலர் அப்படியே எழுதிக்கொண்டார்.

இலக்கு அலுவலர் படியின் அடிக்கு ஓடி வந்து, வாயருகே கையைக் குவித்து மேலே பார்த்துக் கூவினார். "லிஃப்ட்காரரே! அங்கயே இருங்க! எக்காரணம் கொண்டும் இறங்கிடாதீங்க!"

"சரிங்கய்யா!" என்று துண்டுக்குள்ளிருந்து பதில் வந்தது.

சாயங்காலம் மனைவி சாப்பாட்டுத் தூக்கோடு அலுவலகத்துக்கு வந்தார். "என் வீட்டுக்காரர் எங்கங்க?"

"உச்சியில இருக்கார்மா. பெருமைப்படுங்க," என்றார் அலுவலர்.

"பட்டுக்கறேன். எப்ப வருவாரு?"

"அவர் இறங்கினா எங்க புள்ளிவிவரம் இறங்கிடும். பதிவேட்டுப்படி அவர் இனிமே மேலதான்."

"சாப்பாட்டைக் குடுத்துட்டு வரேன்."

"மேல போகணும்னா உங்களுக்கும் ஒரு இலக்கு இருக்கணுமே."

மனைவி தூக்கை உயர்த்திக் காட்டினார். "இது அவர் வயித்துக்குள்ள போகணும். அதான் இலக்கு."

"தெளிவாவும் இருக்கு, குறிப்பாவும் இருக்கு," என்று தெளிவுப் பிரிவுத் தலைவி தண்ணீர்க் குழாய்ப் பக்கத்திலிருந்து தன்னை அறியாமல் சொல்லிவிட்டு, நாக்கைக் கடித்துக்கொண்டார்.

மனைவி மேலே போனார். இருவரும் சாப்பிட்டார்கள். முதல் மாடியின் பின்புறத்தில் தீ விபத்துக்காகப் போட்ட இரும்புப் படி ஒன்று இருந்தது. அது இயக்ககத்தின் எந்தக் கோப்பிலும் இல்லை, தீயணைப்புத் துறையின் கோப்பில் இருந்தது. மனைவியின் தோளைப் பிடித்துக்கொண்டு அதன் வழியாக மெல்ல இறங்கி லிஃப்ட்காரர் வீட்டுக்குப் போனார்.

அதற்குப் பிறகு அவர் வேலைக்குப் போகவில்லை. போகவும் கூடாது. பதிவேட்டின்படி அவர் உச்சியில் இருந்தார். தரைத்தளத்தில் தலை தெரிந்தால் இலக்கு கலைந்துவிடும். சம்பளம் ஒழுங்காக வந்தது. மேலே போய்ப் பார்த்து அவர் அங்கே இல்லை என்று எழுத வேண்டுமானால் யாராவது மேலே போக வேண்டும். இந்த ஏற்பாட்டில் ஓட்டை எங்கே என்று தேடுகிறவர்கள், அது முழுக்க ஓட்டைதான் என்பதைக் கவனிப்பதில்லை. மருத்துவர் சொன்ன ஓய்வு கிடைத்ததில், முற்றுவதற்கு முன்பே முழங்கால் வீக்கம் வடிந்தது. காலை நீட்டவும் மடக்கவும் முடிந்தது.

அடுத்து வி. இலக்கு கேட்டவர் டைப்பிஸ்ட் அக்கா. அவருக்கும் மாடிப்படிதான். நாடா, கைதட்டல், திருப்பம், குரல். அவர் முதல் மாடியில் என்ன பார்த்தார், யாரிடம் சொன்னார் என்பது தெரியவில்லை. ஆனால் அதற்குப் பிறகு மனுக்கள் குவிந்தன. குறிப்புப் பிரிவு ஒட்டுமொத்தமாக, வலது காலை முன்வைத்து ஏறியது. தெளிவுப் பிரிவுத் தலைவி, 'படி' என்றால் எந்தப் படி என்று யாரையும் கேட்கவிடாமல் தானே தெளிவாக எழுதிக்கொண்டு ஏறினார். சாட்சி அலுவலர் எல்லோருடைய குரலையும் கேட்டு எழுதி முடித்து, கடைசியில் தன் குரலுக்குத் தானே முன்கூட்டிச் சாட்சிக் கையெழுத்துப் போட்டுவிட்டு ஏறினார். இலக்கு அலுவலர் மட்டும் கொஞ்ச நாள் தாக்குப்பிடித்தார். பிறகு ஒரு நாள் படியின் மேலிருந்து அவர் குரலும் கேட்டது.

தரைத்தளத்தில் இயக்குநரும் வாட்ச்மேனும் மிஞ்சினார்கள். சான்றிதழுக்காகத் தெருவில் நின்றவர்கள் உள்ளே எட்டிப் பார்த்து, "யாரும் இல்லையாங்க?" என்று கேட்டால், வாட்ச்மேன் விரலைக் கூரைப் பக்கம் காட்டுவார். "எல்லாரும் மேல இருக்காங்க." மக்கள் அண்ணாந்து பார்த்துவிட்டு, மரியாதையாகத் திரும்பிப் போனார்கள்.

இயக்குநருக்குப் பெருமை தாங்கவில்லை. ஊழியர்கள் அனைவரும் இலக்கை எட்டிய ஒரே இயக்ககம் என்று மேலிடத்துக்கு எழுதினார். கட்டடப் பிரிவிலிருந்து ஒரு பொறியாளர் வந்து, பதிவேட்டைப் பார்த்துக் கணக்குப் போட்டார். எட்டாம் மாடியில் மட்டும் இத்தனை பேர் இருந்தால் தளம் தாங்காது என்று திடுக்கிட்டார். நேரில் போய்ப் பார்க்கலாமா என்று வாட்ச்மேன் கேட்டதற்கு, "இருக்கற பாரத்தோட என்னையும் சேர்க்கச் சொல்றியா?" என்று சொல்லிவிட்டுப் போனார். நெரிசலைக் குறைக்க இன்னும் நான்கு மாடிகள் கட்ட அனுமதி கிடைத்தது. அலுவலகத்துக்கு நிதி ஒதுக்குகிறவர்கள் வெற்றியைக் கண்டால் அதன் மேல் சிமெண்டு பூசாமல் விடுவதில்லை.

ஒரு நாள் காலை லிஃப்ட்காரரும் மனைவியும் காய்கறி வாங்கிக்கொண்டு அந்தத் தெரு வழியாக நடந்து வந்தார்கள். அவர் இப்போது தாராளமாக நடந்தார். கட்டடத்தின் தலையில் சாரம் கட்டியிருந்தது. கம்பிகள் வானத்தில் நீட்டிக்கொண்டிருந்தன. கலவை இயந்திரம் உருண்டுகொண்டிருந்தது.

"இதை யாருக்குக் கட்டறாங்க?" என்றார் மனைவி.

"எனக்குத்தான்னு நினைக்கிறேன்," என்றார் லிஃப்ட்காரர்.

எதிரே, கையில் பையோடு ஒருவர் அண்ணாந்து அதையே பார்த்துக்கொண்டு நின்றார். பையிலிருந்து ஒரு புடலங்காய் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. பார்வை கீழே இறங்கியபோது இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துவிட்டார்கள். இலக்கு அலுவலர். ஓடி ஒளிய இடம் இல்லை.

அலுவலர் தொண்டையைச் செருமினார். "லிஃப்ட்காரரே, நீங்க மேலதானே இருக்கீங்க?"

"ஆமாங்கய்யா. நீங்க?"

"நானும் மேலதான்."

"அங்க சௌகரியமா இருக்கீங்களா?"

"எங்கங்க! ஒரே கூட்டம்," என்றார் அலுவலர். "அதான் கட்டறாங்களே."

மூவரும் சற்று நேரம் மேலே பார்த்தார்கள். கலவைத் தட்டு ஒன்று கயிற்றில் ஆடி ஆடி ஏறிக்கொண்டிருந்தது.

"சரி, வரட்டுமா," என்று பையைக் கை மாற்றிக்கொண்ட அலுவலர், நாலடி போய்த் திரும்பி வந்து, குனிந்து, குரலைத் தாழ்த்திக் கேட்டார். "கால் எப்படி இருக்கு?"

லிஃப்ட்காரர் வேட்டியைக் கொஞ்சம் தூக்கி, முழங்காலை ஒருமுறை மடக்கி நீட்டிக் காட்டினார்.

அலுவலரின் முகம் சட்டென்று இறுகியது. "மடங்குதே!" என்றார். சுற்றும் முற்றும் பார்த்தார். "யாருக்கும் காட்டாதீங்க. மடங்காததுக்கு நாங்க விருது எழுதி வெச்சிருக்கோம்."

லிஃப்ட்காரரின் மனைவி கணவனின் கையைப் பிடித்தார். "காலை நீட்டி வெச்சுக்கிட்டே நடங்க," என்றார், அலுவலர் காதில் விழும்படி. "இந்த ஆளு தெருத் திரும்பற வரைக்கும்."